அடியுரக் கணக்கில் யூரியா மைனஸில் வருகிறது: சமன்பாடு தப்பா, உரம் தப்பா?

கடைமடை_மன்னை
வணக்கம். சம்பா நெல்லுக்கு உரக் கணக்கை நேரிய சமன்பாடாக எழுதிப் பார்க்கிறேன். பரிந்துரை எக்டேருக்கு 150:50:50 (தழை, மணி, சாம்பல் சத்து, அதாவது நைட்ரஜன், பாஸ்பரஸ், பொட்டாசியம், கிலோவில்). டி.ஏ.பி. (டை அம்மோனியம் பாஸ்பேட்) வாங்காமல் 20:20:0:13 காம்ப்ளக்ஸை (தழை 20%, மணி 20%, கந்தகம் 13% உள்ள கலப்பு உரம்) வைத்தே முடிக்கப் பார்க்கிறேன். யூரியாவில் தழை 46%, பொட்டாஷில் சாம்பல் 60%.

யூ, கா, பொ என்று மூன்று மாறி. மூன்று சமன்பாடு:

தழை: 0.46 யூ + 0.20 கா = 150
மணி: 0.20 கா = 50
சாம்பல்: 0.60 பொ = 50

கா = 250, யூ = 217.4, பொ = 83.3. எல்லாம் சரியாக இருக்கிறது.

மணிச்சத்து முழுக்க அடியுரம். தழையும் சாம்பலும் நாலு சம பாகம்: அடியுரம், தூர் கட்டும்போது, கதிர் உருவாகும்போது, கதிர் வெளிவரும்போது. அப்படியானால் அடியுரத் தழை 37.5 கிலோதான். அதைத் தனியாகப் போட்டால்:

0.46 யூ + 0.20 × 250 = 37.5

யூ = −27.2 வருகிறது. கால்குலேட்டர் ஒரு எச்சரிக்கையும் காட்டவில்லை. மொத்தக் கணக்கில் ஒழுங்காக வந்தது பாகம் பிரித்ததும் ஏன் இப்படி ஆகிறது?

நிரைநிரல்
உங்கள் சமன்பாட்டில் தப்பில்லை. மைனஸ் வந்ததே சரியான விடைதான். வயலில் ஏற்கெனவே போன 250 கிலோ காம்ப்ளக்ஸிலிருந்து 12.5 கிலோ தழைச்சத்தைத் திரும்ப எடு என்று அது சொல்கிறது. யாராலும் எடுக்க முடியாது, அவ்வளவுதான்.

நாம் தேடுவது "யூ ≥ 0, கா ≥ 0" என்ற நிபந்தனையோடு கூடிய விடை. அந்த நிபந்தனையை சமன்பாடு எதிலும் நீங்கள் எழுதவில்லை. காஸியன் நீக்கல் முறை, கிராமர் விதி, நேர்மாறு அணி எதுவானாலும் குறியைப் பற்றிக் கவலைப்படாது. விடை வந்தபின் நாம்தான் பார்க்க வேண்டும்.

மொத்தக் கணக்கில் இது ஏன் தெரியவில்லை என்றால், 150 கிலோவுக்குள் காம்ப்ளக்ஸின் 50 கிலோ தழை அடங்கிவிடுகிறது. 37.5-க்குள் அடங்காது. பருவத்துக்கு ஒரு தொகுப்பு சமன்பாடு எழுத வேண்டும். மொத்தத்துக்கு ஒன்றை எழுதி நாலால் வகுக்கக் கூடாது.

உரக்கணக்கு
டீச்சர் சொன்னதோடு ஒன்று சேர்த்துக்கொள்கிறேன். தீர்ப்பதற்கு முன்பே மைனஸ் வருமா என்று விகிதத்தை வைத்துச் சொல்லிவிடலாம்.

அடியுரத்தில் வேண்டிய தழை/மணி = 37.5/50 = 0.75.
20:20:0:13-ல் தழை/மணி = 1.
டி.ஏ.பி.யில் (18:46:0) = 18/46 = 0.39.

யூரியா தழையைக் கூட்டும், குறைக்காது. ஆகவே மணிச்சத்து கொடுக்கும் உரத்தின் விகிதம் 0.75-க்கு மேல் இருந்தால் யூரியா மைனஸில்தான் போகும். கீழே இருந்தால் மீதியை யூரியா நிரப்பும். தனி டி.ஏ.பி. போட்டால்: டி = 50/0.46 = 108.7 கிலோ, அதில் தழை 19.6, மீதி 17.9-க்கு யூரியா 39 கிலோ. மைனஸ் இல்லை.

கடைமடை அண்ணனுக்கு வழி: இரண்டையும் கலக்க வேண்டும். யூரியா பூச்சியம் என்று வைத்து எழுதினால்,

0.18 டி + 0.20 கா = 37.5
0.46 டி + 0.20 கா = 50

இரண்டாவதிலிருந்து முதலாவதைக் கழித்தால் கா போய்விடும்: 0.28 டி = 12.5, டி = 44.6. கா = (50 − 20.54)/0.20 = 147.3. சரிபார்ப்பு: தழை 8.04 + 29.46 = 37.5. மணி 20.54 + 29.46 = 50. எக்டேருக்குக் காம்ப்ளக்ஸ் 147 கிலோவைத் தாண்டினால் மைனஸ் ஆரம்பம்.

கடைமடை_மன்னை
நன்றி சார். 147-க்குள் எது வேண்டுமானாலும் போடலாமா? அப்படியானால் ஒரே விடை இல்லையே?

நிரைநிரல்
இல்லைதான். யூ, டி, கா மூன்று மாறி. தழை, மணி இரண்டு சமன்பாடு. அணித்தரம் (ஒன்றையொன்று சாராத சமன்பாடுகளின் எண்ணிக்கை) 2, மாறிகள் 3, ஆகவே ஒரு மாறி நம் விருப்பம். காவைச் சுதந்திரமாக விட்டால்:

டி = 108.70 − 0.4348 கா
யூ = 38.99 − 0.2647 கா

கா = 0 என்றால் மேலே உரக்கணக்கு சார் போட்ட தனி டி.ஏ.பி. கணக்கு. கா = 100 என்றால் டி = 65.2, யூ = 12.5. கா = 147.3-ல் யூ பூச்சியம். இந்த ஒரு கோட்டின் மேல் எல்லாப் புள்ளியும் விடை; ஆனால் 0 முதல் 147.3 வரையுள்ள துண்டு மட்டும் வயலுக்கு ஆகும். "எண்ணற்ற தீர்வுகள்" என்று பாடத்தில் எழுதிவிட்டு அடுத்த கணக்குக்குப் போவோமே, அந்த எண்ணற்றது இப்படித்தான் இருக்கும். தான்தோன்றியாக எதையும் போடலாம் என்று பொருள் இல்லை. ஒன்றை நகர்த்தினால் மற்ற இரண்டும் சொன்ன அளவில் நகர வேண்டும்.

உரக்கணக்கு
ஒரே விடை வேண்டுமானால் நாலாவது தேவையைச் சொல்ல வேண்டும். 20:20:0:13-ல் கடைசி 13 கந்தகச்சத்து. எக்டேருக்கு 10 கிலோ கந்தகம் வேண்டும் என்று வைத்துக்கொள்ளுங்கள்:

0.13 கா = 10, கா = 76.9
டி = 108.70 − 33.44 = 75.3
யூ = 38.99 − 20.35 = 18.6

முடிந்தது. அல்லது "செலவு குறைய வேண்டும்" என்று கேட்டால், செலவும் காவின் நேரிய சார்புதான். ஆகவே மலிவான விடை துண்டின் ஏதாவது ஒரு முனையில் (கா = 0 அல்லது 147.3) தான் விழும். நடுவில் தேட வேண்டாம், இரண்டு முனையிலும் விலையைப் போட்டுப் பார்த்தால் போதும். கந்தகத்துக்குக் குறைந்தபட்சம் வைத்தால் முனை 0-லிருந்து 76.9-க்கு நகரும்.

சும்மா_படிக்கிறவன்
பன்னிரண்டாம் வகுப்பு படிக்கிறேன். இந்தச் சமன்பாடுகளைப் பார்த்தால் நீக்கவே வேண்டியதில்லையே, நேராக வந்துவிடுகிறது. தேர்வில் இப்படி வராதே?

நிரைநிரல்
தம்பி, கவனித்தது சரி. கந்தகச் சமன்பாட்டில் கா மட்டும். மணியில் கா, டி. தழையில் மூன்றும். இந்த வரிசையில் எழுதினால் அணி முக்கோண வடிவம். மேலிருந்து பிரதியிட்டுக்கொண்டே வரலாம். காஸியன் நீக்கல் முறையில் நாம் பாடுபட்டுக் கொண்டுவரும் ஏறுபடி வடிவமும் இதன் உறவுதான், அங்கே கீழிருந்து மேலே பிரதியிடுவோம். ஆகவே எந்தத் தொகுப்பு கிடைத்தாலும் முதலில் நீக்க ஆரம்பிக்காதே. மாறி குறைவாக உள்ள சமன்பாடு எது என்று பார்த்து வரிசை மாற்று. பாதி வேலை அங்கேயே முடியும்.

நீக்க வேண்டிய கணக்கு வேண்டுமானால், 12:32:16, 10:26:26, யூரியா மூன்றையும் எடுத்துக்கொள். தேவை 150:50:40. முதல் உரம் அ, இரண்டாவது ஆ, யூரியா யூ. தசமத்தை ஒழிக்க இருபுறமும் நூறால் பெருக்கிவிடு:

12 அ + 10 ஆ + 46 யூ = 15000
32 அ + 26 ஆ = 5000
16 அ + 26 ஆ = 4000

இரண்டாவதிலிருந்து மூன்றாவதைக் கழி: 16 அ = 1000, அ = 62.5. மூன்றாவதில் போடு: 26 ஆ = 3000, ஆ = 115.4. முதலாவதில்: 46 யூ = 15000 − 750 − 1154 = 13096, யூ = 284.7.

இப்போது நீயே செய்து பார்: சாம்பல் 40-க்குப் பதில் 20 என்றால் என்ன ஆகும்?

சும்மா_படிக்கிறவன்
16 அ = 3000, அ = 187.5. 26 ஆ = 2000 − 3000 = −1000. ஆ மைனஸ் 38.5.

உரக்கணக்கு சார் சொன்ன விகிதம் இங்கேயும் வருகிறது! 12:32:16-ல் சாம்பல்/மணி அரை, 10:26:26-ல் ஒன்று. 20/50 = 0.4, அரைக்கும் கீழே. எந்தக் கலவையாலும் எட்டாது.

உரக்கணக்கு
அதேதான். மணி 50 என்றால் சாம்பல் 25-லிருந்து 50 வரை மட்டும் இந்த ஜோடியால் முடியும்.

அரசலாறு
எக்செலில் போடுகிறவர்களுக்கு. கெழு அணியை மூன்றுக்கு மூன்று கட்டத்தில் எழுதி, வலப்பக்கத்தை ஒரு நிரலாக எழுதி, எம்இன்வர்ஸ் போட்டு நேர்மாறு எடுத்து எம்மல்ட்டால் பெருக்கினால் விடை. பழைய எக்செலில் கண்ட்ரோல், ஷிஃப்ட், என்டர் மூன்றையும் சேர்த்து அழுத்த வேண்டும், இல்லையென்றால் முதல் எண் மட்டும் வரும். பெருக்கும் வரிசை மாறக் கூடாது: நேர்மாறு முதலில், வலப்பக்கம் பிறகு.

ஒரு சந்தேகம். 17:17:17, 10:26:26, யூரியா மூன்றையும் வைத்து 150:50:50 போட்டேன். கேசியோ எஃப்எக்ஸ்-991எம்எஸ் "மேத் எரர்" என்கிறது. எக்செலில் பிழைச் செய்தி. இரண்டு காம்ப்ளக்ஸும் வேறு வேறு விகிதம்தானே? எப்படி அணிக்கோவை பூச்சியம் ஆகும்?

நிரைநிரல்
நிரல்களைப் பார்க்காதீர்கள், நிரைகளைப் பாருங்கள்.

மணி: 17 அ + 26 ஆ = 5000
சாம்பல்: 17 அ + 26 ஆ = 5000

இரண்டு உரத்திலும் மணியும் சாம்பலும் சமம். யூரியாவில் இரண்டுமே கிடையாது. ஆக மூன்று சமன்பாடு எழுதினாலும் இருப்பது இரண்டுதான். கெழு அணியின் தரம் 2, வலப்பக்கத்தையும் ஒரு நிரலாகச் சேர்த்து விரிவுபடுத்தப்பட்ட அணியின் தரமும் 2, மாறிகள் 3: ஒருங்கமைவு உடையது, எண்ணற்ற தீர்வுகள். அ = 0, ஆ = 192.3 ஒரு விடை. ஆ = 0, அ = 294.1 இன்னொரு விடை. இடையில் உள்ளதும் விடை.

மண் பரிசோதனையில் மணி 40, சாம்பல் 50 என்று வந்திருந்தால் அதே இடப்பக்கம் 4000-க்கும் 5000-க்கும் சமமாக வேண்டும். விரிவுபடுத்தப்பட்ட அணியின் தரம் 3 ஆகிவிடும். ஒருங்கமைவு அற்றது, தீர்வே இல்லை. பழைய கால்குலேட்டர் இரண்டு நிலைக்கும் ஒரே "மேத் எரர்" காட்டும். எண்ணற்றதா, இல்லவே இல்லையா என்று பிரித்துச் சொல்லாது. 991இஎக்ஸ் வகை பிரித்துச் சொல்கிறது. கிராமர் விதியிலும் அணிக்கோவை Δ = 0 ஆனதும் விதி அங்கேயே நின்றுவிடும். நீக்கல் முறையில் மட்டும் கடைசி நிரை தானே பேசும்: "0 = 0" வந்தால் ஒரு சமன்பாடு உபரி; "0 = 1000" மாதிரி வந்தால் முரண்.

அரசலாறு
புரிந்தது மேடம். எக்செல் பற்றி ஒரு எச்சரிக்கையும் சொல்லிவிடுகிறேன். சில அணிகளில் அணிக்கோவையின் உண்மையான மதிப்பு பூச்சியமாக இருந்தும், தசமப் பின்னங்களின் சின்னச் சின்னப் பிசகால் அதைக் கணக்கிடும் எம்டிடெர்ம் ஒரு நுண்ணிய எண்ணைக் காட்டும். அப்போது பிழைச் செய்தி வராது. கோடிக்கணக்கில் கிலோ யூரியா விடையாக வந்து நிற்கும். முழு எண்ணாக (17, 26, 46) எழுதினால் இந்தத் தொல்லை குறையும்.

சும்மா_படிக்கிறவன்
அப்போ அணிக்கோவை சின்னதாக இருந்தாலே ஆபத்தா?

அரசலாறு
இல்லை, அதுதான் பலரும் தடுக்கி விழும் இடம். மேலே டீச்சர் போட்ட கணக்கில் முழு எண்ணில் அணிக்கோவை 46 × (32 × 26 − 26 × 16) = 46 × 416 = 19136. அதையே 0.46, 0.32 என்று எழுதினால் 0.019136. பத்து லட்சம் மடங்கு சுருங்கிவிட்டது. கணக்கோ அதேதான், விடையும் அதேதான். நிரைகள் ஒன்றுக்கொன்று எவ்வளவு நெருக்கமான திசையில் இருக்கின்றன என்பதுதான் கேள்வி. உதாரணத்துக்கு:

அ + ஆ = 10
அ + 1.01 ஆ = 10.05

விடை 5, 5. வலப்பக்கத்தில் 10.05-ஐ 10.06 ஆக்கு: விடை 4, 6. நூற்றில் ஒரு பங்கு அசைத்தால் விடை முழு ஒன்று நகர்கிறது.

பில்லை வைத்து விலை கண்டுபிடிக்கும்போது இது நேரில் தெரியும். 4 மூட்டை யூரியா, 2 மூட்டை டி.ஏ.பி. 3766 ரூபாய். இன்னொரு பில் 6 யூரியா, 3 டி.ஏ.பி. 5649 ரூபாய். இரண்டாவது பில் முதலாவதன் ஒன்றரை மடங்கு. புதுச் செய்தி ஒன்றும் இல்லை, விலை தெரியாது. மூன்றாவது பில் 7 யூரியா, 3 டி.ஏ.பி. 5915.50. இப்போது முதலும் மூன்றும் சேர்ந்தால் யூரியா 266.50, டி.ஏ.பி. 1350. அந்த மூன்றாவது பில்லில் 20 ரூபாய் ஏற்றுக்கூலி சேர்ந்து 5935.50 என்று இருந்தால்? யூரியா 286.50, டி.ஏ.பி. 1310. இருபது ரூபாய் பிசகு டி.ஏ.பி.யில் நாற்பதாகிவிட்டது. விகிதம் நன்றாக மாறுபட்ட பில்லாகப் பார்த்து எடுக்க வேண்டும்; 1 யூரியா 5 டி.ஏ.பி. என்ற பில் கிடைத்தால் அது தங்கம்.

சும்மா_படிக்கிறவன்
கிராமர் விதி மூன்று மாறிக்குச் சுலபமாக இருக்கிறதே. ஏன் எல்லாரும் நீக்கல் முறையையே சொல்கிறீர்கள்?

நிரைநிரல்
மூன்றுக்குச் சுலபம்தான். தேர்வில் கேட்டால் அதையே போடு. பத்து மாறி என்றால் அணிக்கோவையை விரித்தால் ஒன்றுக்கு 10! = 36,28,800 உறுப்புகள்; அப்படி 11 அணிக்கோவை. நீக்கல் முறையில் பெருக்கல் எண்ணிக்கை ஏறத்தாழ மாறியின் கனத்தில் மூன்றில் ஒரு பங்கு, பத்துக்குச் சில நூறுகள். கிராமர் தன் விதியை வெளியிட்டது 1750-ல். நீக்கல் முறைக்குக் காஸ் பெயர் வைத்தாலும், சீனத்தின் பழைய கணித நூலில் ஈராயிரம் ஆண்டுக்கு முன்பே தானியக் கதிர்க் கட்டுகளைப் பற்றிய கணக்கில், கணக்குப் பலகையில் குச்சிகளை அடுக்கி அதே வேலையைச் செய்திருக்கிறார்கள்.

அரசலாறு
நீக்கும்போது ஒன்று. முதல் கெழு ரொம்பச் சின்னதாக இருந்தால் அதை வைத்து நீக்காதே, நிரையை மாற்று. 0.0001 அ + ஆ = 1; அ + ஆ = 2. மூன்று இலக்கம் மட்டும் வைத்துக்கொண்டு மேல் நிரையால் நீக்கினால் ஆ = 1, அ = 0 என்று வரும். நிரையை மாற்றி நீக்கினால் அ = 1, ஆ = 1; அதுதான் உண்மைக்குப் பக்கம். கெழுக்களில் எண்மதிப்பு பெரியதை மேலே கொண்டுவா, போதும்.

வெண்ணாறு72
உரத்தை விட்டுத் தண்ணீருக்கு வருகிறேன், மைனஸ் விடை பற்றிப் பேச்சு வந்ததால். "மைனஸ் வந்தால் முடியாது" என்பது உரத்துக்குச் சரி. வாய்க்கால் கணக்கில் மைனஸுக்கு வேறு பொருள்.

கல்லணையில் காவிரி, வெண்ணாறு, கல்லணைக் கால்வாய், கொள்ளிடம் என்று நாலாகப் பிரிகிறது. தென்பெரம்பூரில் வெண்ணாற்றிலிருந்து வெட்டாறு பிரிகிறது. எந்தப் பிரிவிலும் வந்த கனஅடி = போன கனஅடி, அவ்வளவுதான் சமன்பாடு. சின்னதாக ஒரு கற்பனை வாய்க்கால் எடுத்துக்கொள்வோம். தலைப்பில் 120 கனஅடி. அ, ஆ என்று பிரிகிறது. அ கொஞ்ச தூரத்தில் இ, ஈ என்று பிரிகிறது. ஈ போய் ஆவோடு சேர்ந்து உ ஆகிறது.

120 = அ + ஆ
அ = இ + ஈ
ஆ + ஈ = உ

ஐந்து மாறி, மூன்று சமன்பாடு. இரண்டு இடத்தில் அளவு பார்த்தால் மற்றது வந்துவிடும் என்று சொல்வார்கள். எந்த இரண்டு இடம் என்பதில்தான் சூட்சுமம். இ, உ இரண்டு கடைவாயிலும் அளந்தால் வராது. மூன்றையும் கூட்டிப் பாருங்கள், இ + உ = 120 ஏற்கெனவே உள்ளே இருக்கிறது. இரண்டாவது அளவு புதிதாக எதையும் சொல்லவில்லை. அ, ஆ அளந்தாலும் அதே கதை. அ, இ அளந்தால் எல்லாம் வரும்: அ = 70, இ = 45 என்றால் ஈ = 25, ஆ = 50, உ = 75.

அ = 40, இ = 55 என்று அளவு வந்தால்? ஈ = −15. இதைத் தூக்கிப் போடக் கூடாது. இணைப்பு வாய்க்காலில் நாம் நினைத்த திசைக்கு எதிராக 15 கனஅடி ஓடுகிறது என்று பொருள். மட்டம் அதற்கு இடம் கொடுக்கிறதா என்று பார்க்க வேண்டும். கடைமடை வடிகாலில் கடல் ஏற்றத்தின்போது தண்ணீர் எதிர்த்து ஏறுவது உண்டு, அங்கே மைனஸ் இயல்பு. சரிவு நன்றாக உள்ள தலைமடையில் வந்தால் அளவுகோலைத்தான் முதலில் சந்தேகப்பட வேண்டும்.

கடைமடை_மன்னை
சார், இரண்டுக்குப் பதில் மூன்று இடத்தில் அளந்தால் இன்னும் துல்லியமாக வருமா?

வெண்ணாறு72
வரும், ஆனால் முரணும் வரும். தலைப்பு 120, இ 45, உ 79 என்று அளவு வந்தால் 45 + 79 = 124. சமன்பாட்டுக்குள் அடங்கவில்லை. மூன்று அளவையும் ஒரே மாதிரி நம்பினால் வர்க்க வித்தியாசங்களின் கூட்டுத்தொகை மிகக் குறைய வரும்படி பிரித்துப் போடலாம்: 4 கனஅடிப் பிசகை மூன்றாகப் பங்கிட்டால் தலைப்பு 121.33, இ 43.67, உ 77.67. இப்போது பொருந்துகிறது.

ஆனால் நான் இந்த இடத்தில் பங்கிட மாட்டேன். மண் வாய்க்காலில் கசிவு இருக்கும். வெளியே போவது உள்ளே வந்ததைவிடக் குறைய வேண்டும். கூடியிருக்கிறது என்றால் இரண்டே காரணம்: அளவுகோலில் பிழை, அல்லது நாம் வரையாத வடிகால் ஒன்று உள்ளே சேர்கிறது. அந்த வடிகாலுக்கு ஒரு மாறி சேர்க்காமல் சராசரி போட்டால் தப்பை எல்லா இடத்துக்கும் பரப்பியதாகும். வெளியே போவது 116 என்று வந்திருந்தால் கசிவு 4 என்று ஒரு மாறியை எழுதியிருப்பேன்.

நிரைநிரல்
இங்கேயும் அதே 0 = 0, 0 = 4 தான், பாருங்கள். இ + உ = 120 என்பது உபரி; இ + உ = 124 என்பது முரண்.

உரக்கணக்கு
உரப் பக்கம் அலகில் நடக்கும் பெரிய தவறு ஒன்றைச் சொல்லாமல் விட்டுவிட்டோம். டி.ஏ.பி. மூட்டையில் போட்டிருக்கும் மணி 46, பொட்டாஷில் சாம்பல் 60 எல்லாம் ஆக்சைடு அளவு. சில பரிசோதனை அறிக்கைகளில் தனிமமாகக் கொடுத்திருப்பார்கள். தனிமப் பாஸ்பரஸை 2.29-ஆல் பெருக்கினால் மூட்டைக் கணக்கு மணிச்சத்து, பொட்டாசியத்துக்கு 1.2. மணிச்சத்து 50 கிலோ என்பது தனிமமாக 21.8 தான். அந்த 21.8-ஐ அப்படியே வலப்பக்கத்தில் எழுதினால் டி.ஏ.பி. பாதிக்கும் கீழே போய்விடும், சமன்பாடு சமர்த்தாகத் தீரும், யாருக்கும் சந்தேகமே வராது.

அடுத்தது நிலம். எக்டேர் கணக்கை ஏக்கருக்குக் கொண்டுவர 2.471-ஆல் வகுக்க வேண்டும். நம் பக்கத்து மா என்றால்: குழி 144 சதுர அடி, 100 குழி ஒரு மா, அதாவது 33 சென்ட், 20 மா ஒரு வேலி, 6.61 ஏக்கர். இடப்பக்கத்தை மாவிலும் வலப்பக்கத்தை எக்டேரிலும் எழுதிவிட்டு விடை ஏழரை மடங்கு வந்ததும் கணக்கையே குறை சொல்பவர்கள் உண்டு.

யூரியா மூட்டை 45 கிலோ, டி.ஏ.பி.யும் காம்ப்ளக்ஸும் பொட்டாஷும் 50. எல்லாவற்றையும் 50-ஆல் வகுக்காதீர்கள்.

கடைமடை_மன்னை
எனக்கு 12 மா. அதாவது 1.605 எக்டேர். நிரைநிரல் மேடம் சொன்ன கா = 100 வரிசையை எடுத்தேன்: காம்ப்ளக்ஸ் 160.5, டி.ஏ.பி. 104.7, யூரியா 20.1 கிலோ. பொட்டாஷ் அடியுரம் எக்டேருக்கு 12.5 சாம்பல், 33.4 கிலோ. மூட்டையாக்கினால் காம்ப்ளக்ஸ் 3, டி.ஏ.பி. 2, யூரியா அரை மூட்டை. பொட்டாஷ் ஒரு மூட்டையில் மூன்றில் இரண்டு பங்கு. சரியா?

உரக்கணக்கு
வட்டமாக்கியபின் திரும்ப இடப்பக்கத்தில் போட்டுப் பாருங்கள். காம்ப்ளக்ஸ் 150, டி.ஏ.பி. 100, யூரியா 22.5:

மணி: 30 + 46 = 76; வேண்டியது 80.3
தழை: 10.35 + 18 + 30 = 58.35, வேண்டியது 60.2
கந்தகம்: 19.5

மணியில் 4.3 கிலோ குறைவு, நூற்றுக்கு ஐந்து சொச்சம். கையால் விசிறும்போது வரும் ஏற்றத்தாழ்வே இதைவிட அதிகம், விட்டுவிடலாம். காம்ப்ளக்ஸை 4 மூட்டையாக்கி ஈடுகட்டப் பார்க்காதீர்கள். மணி 86 ஆகிவிடும். தழை யூரியா போடாமலே 58-ஐத் தொடும், அந்த அரை மூட்டை யூரியாவைச் சேர்த்தால் 68.35. தழையில் குறையும் 1.85 கிலோவைத் தூர் கட்டும்போது மேலுரத்தில் 4 கிலோ யூரியாவாகச் சேர்த்துக்கொள்ளுங்கள்.

நிரைநிரல்
மேலுரத்துக்கும் தனிச் சமன்பாடு எழுதுங்கள். அங்கே மணி இல்லை, காம்ப்ளக்ஸ் இல்லை, 0.46 யூ = 60.2, 0.60 பொ = 20.07. மாறி ஒவ்வொன்றும் தனித்தனி, நீக்க ஒன்றுமில்லை. யூரியா 130.9, அதோடு அந்த 4 சேர்த்து 135 கிலோ, சரியாக 3 மூட்டை.